பாஸ்போர்ட்டின் அடியில் ஓடும் அந்த இரண்டு வரி

ராயப்பேட்டையில் ஐ.டி. கார்டு அடித்துத் தரும் தம்பி ஒருவர் கேட்டது இது: "பாஸ்போர்ட்டில் போட்டோ பக்கத்துக்குக் கீழே அம்புக்குறியாக இரண்டு வரி ஓடுகிறதே, அது என்ன ஃபான்ட்? ஒரு கம்பெனிக்காரர் தங்கள் ஸ்டாஃப் கார்டிலும் அதே எழுத்து வேண்டும் என்கிறார். இன்றைக்கு மொபைல் கேமராவே கல்யாணப் பத்திரிகையைப் படித்துவிடுகிறது. இந்தப் பழைய எழுத்தை இன்னும் ஏன் கட்டிக்கொண்டு அழுகிறார்கள்?"

பெயரை முதலில் சொல்லிவிடுகிறேன்: ஓசிஆர்-பி. ஓசிஆர் என்றால் அச்சான எழுத்தை இயந்திரம் பார்த்துப் படிப்பது. எல்லா எழுத்துக்கும் ஒரே அகலம், அதாவது மோனோஸ்பேஸ். எழுத்தின் முனைகளில் அலங்காரக் கால் கிடையாது, அதனால் சான்ஸ் செரிஃப் வகை. வரைந்தவர் ஸ்விட்சர்லாந்தின் அட்ரியன் ஃப்ரூட்டிகர். யூனிவர்ஸ் என்ற எழுத்துருவை 1957-இல் கொடுத்த அதே ஆள். பாரிஸின் சார்ல் து கோல் விமான நிலையத்தில் வழிகாட்டிப் பலகைகளுக்கு எழுத்து வரைந்தவரும் அவர்தான். கையில் இருக்கிற பாஸ்போர்ட்டில் அவர் எழுத்து, தலைக்கு மேலே தொங்கும் பலகையிலும் அவர் எழுத்து. அகமதாபாத் நேஷனல் இன்ஸ்டிடியூட் ஆஃப் டிசைனோடு சேர்ந்து தேவநாகரி எழுத்திலும் வேலை பார்த்திருக்கிறார். தமிழுக்கு அவர் கை வந்து சேரவில்லை. அது வேறு வருத்தம்.

ஒரே அகலம் என்றால் என்ன என்று டைப்ரைட்டிங் படித்தவர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. நான் மாம்பலத்தில் ஒரு இன்ஸ்டிடியூட்டில் காலை ஆறு மணி பேட்ச். 'ஏ எஸ் டி எஃப் ஜி எஃப்' என்று வாரக்கணக்கில் தட்டிக்கொண்டே இருந்தோம். எந்தக் கட்டையைத் தட்டினாலும் கேரேஜ் ஒரே அளவுதான் நகரும். ஒல்லியான ஐ என்றாலும் சரி, குண்டு டபிள்யூ என்றாலும் சரி. தலைப்பை நடுவில் போட வேண்டுமா? எழுத்துகளை எண்ணு, பாதியாக்கு, தாளின் நடுவில் வந்து நின்று அத்தனை முறை பேக்ஸ்பேஸ் தட்டு. லோயர் பரீட்சைக்குப் போன அத்தனை பேருக்கும் இது மனப்பாடம். பைக்கா மெஷின் என்றால் அங்குலத்துக்கு 10 எழுத்து, எலைட் என்றால் 12. இந்தப் பத்தைக் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும்.

அங்கே பழைய ரெமிங்டன் ஒன்று இருந்தது. அதில் 1 என்ற கட்டையே கிடையாது. 2-இலிருந்துதான் ஆரம்பம். முதல் நாள் திருதிருவென்று விழித்தபோது மாஸ்டர் சொன்னார்: "சின்ன எல் அடி, போதும்." அப்படித்தான் அடித்தோம். '11.1.81' என்று கடிதத்தில் தேதி போட்டால் அதில் இருக்கும் நான்கு ஒன்றுமே உண்மையில் எல். வாசிக்கிறவர் யாரும் தடுமாறியதில்லை. தேதியில் எல் வராது என்று நமக்குத் தெரியும், கண் தானாகத் திருத்திக்கொள்கிறது.

இயந்திரத்துக்கு அந்தச் சாமர்த்தியம் இல்லை. 1960-களில் வங்கிகளும் கம்ப்யூட்டர் கம்பெனிகளும் முட்டிக்கொண்டது இந்த இடத்தில்தான். காகிதத்தில் இருப்பதை யாராவது திரும்ப உட்கார்ந்து பஞ்ச் செய்யாமல் இயந்திரமே படித்துக்கொள்ள வேண்டும். அமெரிக்காவில் அதற்கென்று ஓசிஆர்-ஏ வந்தது. பழைய விண்வெளிப் படங்களில் கம்ப்யூட்டர் திரையில் வருமே, கோணல்மாணலாக, அந்த மாதிரி எழுத்து. அந்தக் காலத்து மந்தமான ஸ்கேனருக்கு அது அமிர்தம், மனிதக் கண்ணுக்குத் தண்டனை. ஐரோப்பியக் கம்ப்யூட்டர் உற்பத்தியாளர்கள் 1961-இல் ஒரு சங்கம் அமைத்திருந்தார்கள், சுருக்கமாக ஈசிஎம்ஏ. இயந்திரமும் படிக்கணும், மனிதனும் முகம் சுளிக்காமல் படிக்கணும் என்று அவர்கள் ஃப்ரூட்டிகரிடம் போனார்கள்.

அவருக்குக் கிடைத்த வேலை அழகு பார்க்கிற வேலை அல்ல. ஒவ்வோர் எழுத்தையும் மற்ற எல்லா எழுத்தின் மேலும் ஒவ்வொன்றாக வைத்துப் பார்க்க வேண்டும். மை கூடிப்போய்த் தடித்தாலும், ரிப்பன் தேய்ந்து மெலிந்தாலும், ஒன்று இன்னொன்றாகத் தெரியக்கூடாது. பெரிய ஐ-க்கு மேலும் கீழும் குறுக்குக் கட்டை, 1-க்குத் தலையில் கொக்கி, சின்ன எல்-லுக்குக் கீழே வால். சான்ஸ் செரிஃபில் ஐ-க்குக் கட்டை எதற்கு என்று கேட்டால், அகலம் எல்லாவற்றுக்கும் ஒன்று, அந்த இடத்தை எதையாவது வைத்து நிரப்ப வேண்டும். அதையே அடையாளமாகவும் ஆக்கிவிட்டார். மாஸ்டர் சொன்ன 'சின்ன எல் அடி' என்ற சிக்கனத்துக்கு நேர் எதிரான வேலை இது. ஈசிஎம்ஏ-11 என்ற எண்ணோடு 1965-இல் தரம் வெளியானது. மோனோடைப் என்ற எழுத்துரு கம்பெனி 1968-இல் எழுத்தைக் கொண்டுவந்தது. 1976-இல் ஐஎஸ்ஓ 1073-2 என்று உலகத் தரமாகவும் அச்சானது. டைப்ரைட்டருக்கும் லைன் பிரிண்டருக்கும் கோட்டின் தடிமன் மாறாத ஒரு வடிவம், அச்சகத்துக்குத் தடிமன் சற்று ஏறி இறங்கும் இன்னொரு வடிவம் என்று இரண்டு உண்டு. நீங்கள் பாஸ்போர்ட்டில் பார்ப்பது முதல் வகை மாதிரி மொழுமொழுவென்று இருக்கும்.

செக்கின் அடியில் இருக்கும் எண்களும் இதுதானே என்று பலர் கேட்கிறார்கள். இல்லை. அது ஈ-13பி, காந்த மையில் அடிப்பது. அதில் எழுத்தே கிடையாது, பத்து எண்ணும் நான்கு குறியும் மட்டும். சென்னைக் கிளை என்றால் அங்கே 600 என்று தொடங்கும் ஒன்பது இலக்கம் இருக்கும். ஓசிஆர்-பி-யை அண்ணாச்சி கடையில் பார்க்கலாம். பிஸ்கட் பாக்கெட்டின் பார்கோடுக்குக் கீழே 890 என்று தொடங்கி ஓடும் எண்களைப் பெரும்பாலும் இதில்தான் அடிப்பார்கள். ஸ்கேனர் கோட்டைப் படிக்கும். கோடு கசங்கிப்போனால் கடைப் பையன் எண்ணைப் பார்த்துத் தட்டுவான்.

சரி, பாஸ்போர்ட்டுக்கு வருவோம். சர்வதேச சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு, ஐ.சி.ஏ.ஓ., 1980-இல் 9303 என்ற ஆவணத்தின் முதல் பதிப்பை வெளியிட்டது. உலகம் முழுக்க பாஸ்போர்ட் எப்படி இருக்க வேண்டும் என்பதற்கு அதுதான் சட்டப் புத்தகம். அடி வரிகளுக்கு எழுத்து ஓசிஆர்-பி, அங்குலத்துக்கு 10 எழுத்து. நம் பைக்கா மெஷினின் அதே பத்து. வரிக்கு 44 எழுத்து, ஆக 4.4 அங்குலம், அதாவது ஏறக்குறைய 112 மில்லிமீட்டர். பாஸ்போர்ட் பக்கத்தின் அகலம் 125. இரண்டு ஓரத்திலும் கொஞ்சம் கொஞ்சம் விட்டால் வரி முடிந்தது. கையால் எழுதிய பழைய பாஸ்போர்ட்கள் 2015 நவம்பர் 24-க்குள் உலகமெங்கும் கழிந்து போக வேண்டும் என்று கெடு வைத்ததும் இந்த இரண்டு வரிக்காகத்தான்.

இப்போது உங்கள் பாஸ்போர்ட்டையே எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். இந்த வரிகளில் மொத்தம் 37 குறிகள்தான் வரலாம்: 26 ஆங்கிலப் பெரிய எழுத்து, 10 எண், அப்புறம் அந்த < குறி. அது அம்பு இல்லை, நிரப்பி. காலிக் கட்டத்தைக் காலியாக விட்டால் இயந்திரத்துக்குக் கணக்குத் தப்பும், அதனால் அதை வைத்து அடைப்பார்கள். முதல் வரியில் ஆவணத்தின் வகைக்கு இரண்டு கட்டம், நாட்டுக்கு மூன்று, மீதி 39 கட்டம் பெயருக்கு. இரண்டாவது வரியில் பாஸ்போர்ட் எண், நாட்டுரிமை, பிறந்த தேதி, பாலினம், காலாவதி தேதி எல்லாம் வரிசையாக. இங்கேதான் ஒரே அகலத்தின் அருமை தெரியும். இரண்டாவது வரியின் 14-ஆவது கட்டத்தில் பிறந்த ஆண்டு தொடங்கும், எந்த நாட்டுப் பாஸ்போர்ட்டாக இருந்தாலும். இயந்திரம் தேடவே வேண்டாம், எண்ணினால் போதும்.

எண்களுக்குப் பக்கத்தில் ஒரு காவல்காரரும் உண்டு. செக் டிஜிட், அதாவது சரிபார்க்கும் இலக்கம். 1985 ஆகஸ்ட் 15 பிறந்தவர் என்றால் வரியில் 850815 என்று இருக்கும். ஒவ்வோர் இலக்கத்தையும் வரிசையாக 7, 3, 1, மறுபடி 7, 3, 1 என்று பெருக்குங்கள்: 56, 15, 0, 56, 3, 5. கூட்டினால் 135. கடைசி இலக்கம் 5. தேதியை ஒட்டி அடுத்த கட்டத்தில் அந்த 5 அச்சாகியிருக்கும். இயந்திரம் நடுவில் இருக்கும் 0-வை 8 என்று தவறாகப் படித்தால் கூட்டுத்தொகை 143, கடைசி இலக்கம் 3. உடனே மாட்டிக்கொள்ளும். இந்தக் காவல்காரரும் தூங்குகிற இடம் உண்டு. இதே தேதியில் 5-ஐயும் 0-வையும் இடம் மாற்றி 805815 என்று போட்டுப் பாருங்கள். தொகை 125, கடைசி இலக்கம் மறுபடியும் 5! பக்கத்துப் பக்கத்து இலக்கங்களின் வித்தியாசம் 5 என்றால் இந்தக் கணக்குக்கு அவை இடம் மாறியது தெரியாது. 58-ஆவது மாதம் என்று ஒன்று இல்லாததால் மென்பொருள் அங்கே பிடித்துக்கொள்ளும்.

முதல் வரிக்கு, அதாவது பெயருக்கு, செக் டிஜிட் கிடையாது. ஒன்றுகூடக் கிடையாது. பெயரை இயந்திரம் தப்பாகப் படித்தால் எந்தக் கணக்கும் வந்து காப்பாற்றாது. அங்கே காவலுக்கு நிற்பது எழுத்தின் உருவம் ஒன்றுதான். அதனால்தான் 'எந்த ஃபான்டில் அடித்தால் என்ன, கேமரா படித்துவிடும்' என்பதை நான் ஒப்புக்கொள்வதில்லை. கல்யாணப் பத்திரிகையில் ஓர் எழுத்து தப்பானால் யாரும் மண்டபத்துக்கு வராமல் போய்விட மாட்டார்கள். இமிக்ரேஷனில் அப்படியா?

பட்டுத் தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன். சில வருஷத்துக்கு முன்னால் ஒரு ஹோட்டல் ரிசப்ஷனுக்காக பாஸ்போர்ட் படிக்கும் மென்பொருள் எழுதும் குழுவில் இருந்தேன். சோதித்துப் பார்க்க நிஜப் பாஸ்போர்ட் நிறையக் கிடைக்கவில்லை. நாங்களே கற்பனைப் பெயர்களைப் போட்டு மாதிரித் தாள்கள் அடித்தோம், கம்ப்யூட்டரில் கைக்குக் கிடைத்த கன்சோலாஸில். அதுவும் மோனோஸ்பேஸ், சான்ஸ் செரிஃப், நல்ல எழுத்து, தினமும் அதில்தான் புரோகிராம் எழுதுகிறேன். சோதனையில் நூற்றுக்கு நூறு. ஹோட்டலில் கொண்டுபோய் வைத்த முதல் நாளே ஒரு விருந்தாளியின் பெயர் 'முருகேசன் கே கே கே கே கே' என்று விழுந்தது. நிரப்பிக் குறியை எங்கள் மென்பொருள் ஆங்கிலக் கே என்று எடுத்துக்கொண்டிருந்தது. எண்களில் இருந்த தவறுகளையெல்லாம் செக் டிஜிட் பிடித்துச் சிவப்பு விளக்குப் போட்டது, கே-க்களை யாரும் தடுக்கவில்லை. ரிசப்ஷனில் இருந்த பெண் சிரிக்காமல் 'வெல்கம் சார்' என்று சாவியைக் கொடுத்தது பெரிய விஷயம். அன்று இரவே உட்கார்ந்து ஓசிஆர்-பி-யில் மாதிரிகள் அடித்து மென்பொருளுக்கு முதலிலிருந்து பாடம் நடத்தினோம்.

பெயர் என்று வந்துவிட்டதால், நம் ஊர்க் கதையைச் சொல்லாமல் போக முடியாது. 39 கட்டத்தை வகுத்தவர்களின் மனதில் குடும்பப் பெயர், சொந்தப் பெயர் என்று இரண்டு அறை. நடுவில் << என்று இரட்டைக் குறி. நமக்கோ இனிஷியல். அப்பா பெயரை விரித்துக் குடும்பப் பெயர் கட்டத்தில் போட்டவர்கள் அமெரிக்காவில் அப்பா பெயரால் அழைக்கப்படுகிறார்கள். போடாமல் ஒற்றைப் பெயரோடு போனவர்களுக்கு அமெரிக்க விசாவில் 'எஃப்.என்.யூ.' என்று வரும், முதல் பெயர் தெரியாது என்று அர்த்தம். பெற்றவர்கள் ஜோசியர் பார்த்து வைத்த பெயர் இருக்கும்போதே! ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் ஒற்றைப் பெயர் பாஸ்போர்ட்டுக்கு விசிட் விசா இல்லை என்று சொன்னபோது இங்கே எத்தனை பேர் திண்டாடினார்கள் என்று டிராவல் ஏஜென்டுகளைக் கேட்டால் தெரியும்.

நீளமும் ஒரு தொல்லை. திருஞானசம்பந்தமூர்த்தி என்பதை ஆங்கிலத்தில் வழக்கமாக எழுதுகிறபடி எழுதினால் 25 எழுத்து. அப்பா பெயர் மீனாட்சிசுந்தரம் என்றால் இன்னொரு 17. நடுவில் இரட்டைக் குறி. மொத்தம் 44 கட்டம் வேண்டும், இருப்பதோ 39. ஐந்து கட்டத்துக்குச் சம்பந்தரோ சொக்கரோ விட்டுக்கொடுத்தாக வேண்டும். மேலே அச்சாகும் பெயரில் முழுசாக இருக்கலாம், அடி வரியில் வெட்டுத்தான். ழகரத்தைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். தமிழரசி எல் போடுவாளா, இசட் ஹெச் போடுவாளா என்பதைப் பத்தாம் வகுப்பு மார்க்‌ஷீட் அடித்தவர் முடிவு செய்திருப்பார், பாஸ்போர்ட்டின் அடி வரி அதைக் கல்வெட்டாக்கிவிடும்.

'இன்னும் ஏன்' என்ற கேள்விக்கு முக்கியமான பதில் ஒன்று பாக்கி. சென்னை மண்டலப் பாஸ்போர்ட் அலுவலகம் 2025 மார்ச்சில் சிப் வைத்த இ-பாஸ்போர்ட் கொடுக்கத் தொடங்கியது. அட்டையில் ஒரு சின்னச் செவ்வகக் குறி இருக்கும். சிப்பே வந்துவிட்டதே, அச்சு வரி எதற்கு? சிப்பைத் திறக்கும் சாவியே அந்த வரிதான். பாஸ்போர்ட் எண், பிறந்த தேதி, காலாவதி தேதி, அவற்றின் செக் டிஜிட், இவற்றை வைத்துத்தான் ரீடர் அந்தச் சாவியைக் கணக்கிடும். முதலில் பக்கத்தைத் திறந்து வரியைப் படித்தால்தான் சிப் வாயைத் திறக்கும். பஸ்ஸில் பக்கத்தில் நிற்கிறவன் உங்கள் பைக்குள் இருக்கும் சிப்பைச் சத்தமில்லாமல் படித்துவிடக்கூடாது என்பதற்காகச் செய்த ஏற்பாடு. மீனம்பாக்கத்தில் அதிகாரி பக்கத்தைக் கவிழ்த்துக் கண்ணாடி மேல் வைப்பதைப் பார்த்திருப்பீர்கள். அந்த வரியின் மை கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளியிலும் கறுப்பாகத் தெரிய வேண்டும் என்பது விதி. அதனால் பின்னணியில் இருக்கும் வண்ணக் கோலம் ரீடருக்குத் தொந்தரவு தராது.

இனி உங்கள் கடைக்கு வருகிறேன், தம்பி. வெறும் தோரணைக்காக அந்தக் கம்பெனிக்காரர் கேட்டால், வேண்டாம் என்று சொல்லிப் பாருங்கள். பாஸ்போர்ட் மாதிரித் தெரியும் கார்டால் ஆதாயம் இல்லை, சந்தேகம்தான் வரும். வாசலில் ஸ்கேனர் வைத்துப் பணியாளர் எண்ணைப் படிக்கப் போகிறார்கள் என்றால் விஷயம் வேறு, ஓசிஆர்-பி நல்ல தேர்வு. எண்ணோடு மேலே சொன்ன 7-3-1 செக் டிஜிட்டையும் சேர்த்துவிடச் சொல்லுங்கள், செலவில்லாத காவல். அடையாள அட்டை அளவுக்கு அதே 9303 ஆவணத்தில் மூன்று வரி, வரிக்கு 30 எழுத்து என்று ஒரு வடிவம் உண்டு. 76 மில்லிமீட்டர் ஆகும், உங்கள் 85.6 மில்லிமீட்டர் கார்டில் உட்காரும்.

எழுத்துருவை நல்ல இடத்தில் காசு கொடுத்து வாங்குங்கள், அல்லது இலவசமாகக் கிடைக்கும் வடிவங்களில் உரிமத்தைப் படித்துவிட்டு எடுங்கள். பெயரில் ஓசிஆர் என்று இருப்பதெல்லாம் இது அல்ல, பாதிக்கு மேல் ஓசிஆர்-ஏ தலையில் கட்டுவார்கள். கோரல்டிராவில் பெட்டியைப் பிடித்து இழுத்து நீட்டாதீர்கள். கெர்னிங், எழுத்து இடைவெளி எல்லாவற்றையும் பூஜ்யத்தில் வையுங்கள். போல்டு வேண்டாம். பாயின்ட் அளவை நம்ப வேண்டாம், ஒவ்வொரு கம்பெனி ஃபான்டிலும் அது வேறு மாதிரி வரும். 30 முறை 8 என்று ஒரே வரியில் அடித்து, தாளில் எடுத்து, ஸ்கேல் வையுங்கள். முதல் எட்டின் நடுவில் பூஜ்யத்தை வைத்தால் 21-ஆவது எட்டின் நடு சரியாக 2 அங்குலத்தில் நிற்க வேண்டும். கொஞ்சம் முன்னாலேயே நின்றுவிட்டால், பிரிண்டர் செட்டிங்கில் 'ஃபிட் டு பேஜ்' டிக் ஆகியிருக்கும். அதை எடுத்துவிட்டு மறுபடி அடியுங்கள்.